வராத கப்பல்களுக்கு விளக்கு வைத்தவர்

இரண்டாம் உலக யுத்தம் 1945இல் முடிந்துவிட்டது என்று பாடப்புத்தகங்கள் சொல்கின்றன. பாடப்புத்தகம் எழுதுகிறவர்களுக்கு எங்கள் தரையிறக்கத்தாரைத் தெரியாது. நான் கண்ணால் கண்டதைச் சொல்கிறேன். 1986ஆம் ஆண்டு வசந்தகாலம்வரை அந்த யுத்தம் டென்மார்க்கின் மேற்குக் கரையில் நடந்துகொண்டுதான் இருந்தது. ஒரே ஒரு மனிதர் அதை நடத்திக்கொண்டிருந்தார். அவரிடம் துப்பாக்கி இல்லை, படை இல்லை, ஒழுங்கான குளிர்ச்சட்டைகூட இல்லை. கம்பளித் தொப்பி ஒன்றும், ஊரைக் கூட்டும் குரல் ஒன்றும் இருந்தன. அவருக்கு அவை போதும்.

அப்போது நாங்கள் அகதி விண்ணப்பம் போட்டுவிட்டுப் பதிலுக்குக் காத்திருந்தோம். கோடையில் உல்லாசப் பயணிகள் வந்து தங்கும் கடற்கரை விடுதி ஒன்றை, குளிர்காலத்தில் சும்மாதானே கிடக்கிறது என்று எங்களுக்குத் திறந்துவிட்டிருந்தார்கள். கிரின்ஸ்டெட்டிலிருந்து மேற்கே போய்க்கொண்டே இருந்தால், இனிப் போவதற்கு நிலமில்லை என்கிற இடத்தில் அந்த விடுதி. காலையில் ஒரு பஸ், மாலையில் ஒரு பஸ், இடைப்பட்ட நேரமெல்லாம் காற்று. எனக்குக் கல்யாணமாகி ஒரு வருடம்கூட ஆகவில்லை. எங்கள் அறைச் சுவரில் நீச்சலுடையோடு ஒரு சோடி சிரித்துக்கொண்டிருந்த படம் இருந்தது. என் கணவர் இரண்டு கம்பளிச் சட்டைகளைப் போட்டுக்கொண்டு அந்தப் படத்தைப் பார்த்துப் பெருமூச்சு விடுவார்.

தரையிறக்கத்தாருக்கு ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் ஒன்று இருந்திருக்கும். அந்தோனியோ, யாக்கோபோ, யாருக்கு ஞாபகம்? யாழ்ப்பாணத்தில் அவர் சவுண்ட் சேர்விஸ் வைத்திருந்தவர். மாதா திருநாள், கோயில் திருவிழா, கல்யாணம், செத்தவீடு எதுவானாலும் ஒலிபெருக்கியும் மின்விளக்குச் சோடனையும் அவரிடமிருந்துதான் போகும். இந்தத் தொழிலில் முப்பது வருடம் இருந்தவர் மெதுவாகக் கதைப்பாரா? சாப்பாட்டு மேசையில் "உப்பை இஞ்சாலை தாரும்" என்றாரென்றால், மேற்றிராணியார் வாசலுக்கு வந்துவிட்டார் என்று நாங்கள் எழுந்து நிற்கவேண்டும் போலிருக்கும்.

பட்டப்பெயர் அவருக்கு டென்மார்க்கில் கால் வைத்த அன்றே கிடைத்துவிட்டது. கிழக்கு ஜெர்மனியிலிருந்து வரும் வாகனக் கப்பலில் எங்கள் ஆட்கள் சிலரோடு வந்திருக்கிறார். மற்றவர்கள் எல்லோரும் நல்ல பிள்ளைகள்போல உல்லாசப் பயணிகளுக்குள் கலந்து மேல்தட்டுப் படியால் இறங்கிவிட்டார்கள். இவர் மட்டும் கீழே போய், லொறிகளுக்கெல்லாம் முன்னால், கப்பலின் முன்கதவுக்கு நேரே நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நின்றிருக்கிறார். கதவு திறந்தது. வெளியே பொலிஸ்காரர் இருவர் கோப்பி குடித்துக்கொண்டிருந்தார்கள். அன்றைய முதல் வாடிக்கையாளர் இவர்தான்.

"ஏன் அண்ணை, எல்லாரும் மேலாலை போகேக்கை நீங்கள் ஏன் அங்கை போய் நிண்டனீங்கள்?" என்று என் கணவர் ஒருநாள் கேட்டார்.

"தம்பி, அந்தக் கதவு அப்பிடியே முன்னுக்கு விழுந்து பாலமாகுது. படை இறங்கின கப்பலுகளுக்கும் இதே கதவுதான். அதைக் கண்ணாலை கண்டிட்டும் என்னைப் படியாலை இறங்கச் சொல்லுறியோ?"

இந்தப் பைத்தியம் அவருக்கு எங்கே பிடித்தது என்றால், திருகோணமலையில். 1942இல் ஜப்பான் விமானங்கள் வந்து துறைமுகத்தில் குண்டு போட்டபோது அவர் பாலர் வகுப்புப் பையன். குண்டுக்குப் பிறகு கப்பல் வரும், கப்பலிலிருந்து படை இறங்கும் என்று ஊரே ஓடியது. அவருடைய தாய் அடுப்பிலிருந்து இறக்கிய சோற்றுப்பானையோடு ஓடினாராம். பற்றைக்குள் ஒளிந்திருந்து கிழமைக்கணக்காகக் கடலைப் பார்த்தார்கள். ஒரு கப்பலும் வரவில்லை. திரும்பி வந்து பார்த்தால் வீட்டு ஆட்டைக் காணவில்லை. ஆட்டைப் பிடித்தவர் பக்கத்து வீட்டுக்காரர் என்பது ஊருக்கே தெரியும். ஆனால் தரையிறக்கத்தார் கடைசிவரை ஜப்பான் கடற்படையைத்தான் குற்றம் சொன்னார்.

"வாறதெண்டால் வரவேணும். வராட்டில், வரேல்லை எண்டு சொல்லவேணும். ஆக்களை இப்பிடிக் காக்க வைக்கிறது என்ன பழக்கம்?"

அன்று தொடங்கியதுதான். உலகத்தில் எந்தப் படை எந்தக் கரையில் இறங்கியது, எந்தப் படை இறங்கப் பார்த்து இறங்காமல் போனது எல்லாம் அவருக்கு அத்துப்படி. விடுதியின் பொதுச் சமையலறையில் பருப்புச் சட்டிதான் ஆங்கிலக் கால்வாய். கரண்டிகள் கப்பல்கள். அரிந்த வெங்காயம் பாரசூட்டில் குதிக்கும். நோர்மண்டிக் கரை சோற்றுக் கோப்பையில் இருக்கும். நாங்கள் பசியோடு சுற்றிவர நிற்போம்.

"அண்ணை, கப்பல் கரைக்கு வந்திட்டுதோ? சோறு ஆறுது" என்பார் என் கணவர்.

"அலை கூடக் கிடக்கு தம்பி. காலநிலை சரியில்லையெண்டு ஒரு நாள் பிந்தித்தான் இறங்கினவங்கள். நான் சரித்திரத்தை மாத்தேலாது."

விடுதிக்கு வந்த முதல் நாள் விடிந்தபோது, மணற்குன்றுகளுக்கு நடுவே சாம்பல் நிறத்தில் பெரிய பெரிய சீமெந்துத் திமில்கள் தெரிந்தன. பாதி மண்ணுக்குள், பாதி வெளியே. அது என்ன என்று எங்களுக்குள் பெரிய வாக்குவாதம். தண்ணீர்த் தாங்கி என்றார் ஒருவர். பாதியில் விட்ட கக்கூஸ் என்றார் இன்னொருவர். பெந்தெகொஸ்தே சபையைச் சேர்ந்த ஒரு அக்கா, இது உலக முடிவுக்கென்று கட்டிவைத்தது என்றார். ஒருவிதத்தில் உண்மைக்குக் கிட்ட வந்தவர் அவர்தான்.

தரையிறக்கத்தார் தொப்பியைக் கழற்றிவிட்டுக் காற்றில் நின்றார். கண் கலங்கியிருந்தது.

"உது ஜெர்மன்காரன் கட்டின பங்கர். இஞ்சையும் படை வந்து இறங்கும் எண்டு நினைச்சுக் கரை முழுக்கக் கட்டினவங்கள். வந்தவங்கள் வேறை இடத்திலை இறங்கீட்டாங்கள்." பிறகு, சொந்தக்காரர் வீட்டைக் காட்டுவதுபோலக் கையை நீட்டினார். "வராத ஆக்களுக்குக் கட்டின வீடு, தங்கச்சி."

அந்த வருடம் யாழ்ப்பாணத்தில் எங்கள் வீட்டு முற்றங்களிலும் பங்கர் வெட்டத் தொடங்கியிருந்தார்கள். அவருடைய மனைவியும் பிள்ளைகளும் அங்கேதான் இருந்தார்கள். அதை அவர் பெரிய குரலில் சொன்னதேயில்லை.

பங்கர்களில் ஒன்றுக்கு மட்டும் பச்சைப் பெயின்ற் அடித்த இரும்புக் கதவு இருந்தது. நூதனசாலை என்று ஒரு பலகை. வாசலில் மடக்குக் கதிரை, அதில் கோப்பிப் போத்தலோடு ஒரு கிழவர். அவர்தான் ஸ்வென். உள்ளே தலைக்கவசம், நச்சுப்புகை முகமூடி, துருப்பிடித்த தொலைபேசி, சிப்பாய் ஒருவன் விட்டுப்போன கரண்டி, கண்ணாடிப் பெட்டிக்குள் கரையோர அரண்களின் மாதிரி உருவம் எல்லாம் இருந்தன. எல்லாவற்றையும் அவரே மண்ணுக்குள்ளிருந்து பொறுக்கி, துடைத்து, எழுதி வைத்திருந்தார். ஒரு குறையும் சொல்ல முடியாத அருங்காட்சியகம். பார்க்க ஆள்தான் வருவதில்லை.

ஏன் வருவதில்லை என்பது எங்களுக்கு முதல் நாளே விளங்கியது. ஸ்வென் வாசலில் எழுந்து நின்று, கை கொடுத்து, வணக்கம் சொல்வதற்கு முன்னரே ஒரு வசனம் சொல்வார். "இந்தச் சீமெந்தைக் குழைச்சவன் நான்." பத்தொன்பது வயதில், வேலை இல்லாத காலத்தில், ஜெர்மன்காரரிடம் கூலிக்குப் போய் இந்தப் பங்கருக்குச் சீமெந்து குழைத்திருக்கிறார். யுத்தம் முடிந்ததும் ஊர் அவரோடு கதைப்பதை நிறுத்திவிட்டது. அவரும் ஒளிக்கவில்லை. வருகிற ஒவ்வொருவரிடமும் அதைச் சொல்லியே கதவைத் திறப்பார். வியாபாரத்துக்கு இதைவிடக் கெடுதலான விளம்பரத்தை நான் கண்டதில்லை. அவரிடம் எனக்கு மரியாதை வந்ததும் அதனால்தான்.

டேனிஷ் வகுப்பில் கொஞ்சம் கெட்டிக்காரி என்று பெயரெடுத்த பாவத்துக்கு நான்தான் மொழிபெயர்ப்பாளர். அந்த ஊர்க்காரர் பேசிய டேனிஷெல்லாம் யாழ்ப்பாணத் தமிழில்தான் இன்றும் என் ஞாபகத்தில் இருக்கிறது. தரையிறக்கத்தார் கையைக் காலை எறிந்து கால் மணித்தியாலம் கதைப்பார். நான் ஒரு வசனம் சொல்வேன்.

"இவ்வளவு நேரமும் அவர் சொன்னது இவ்வளவுதானோ?" என்று ஸ்வென் சந்தேகமாகக் கேட்பார்.

"மிச்சமெல்லாம் குண்டுச் சத்தம்" என்பேன்.

ஸ்வென் தலையாட்டிக்கொண்டு கோப்பி ஊற்றுவார். அவரோடு அந்த ஊரில் ஒரே மேசையில் கோப்பி குடித்த மனிதர் அந்தக் குளிர்காலத்தில் தரையிறக்கத்தார் ஒருவர்தான். பிறகு எனக்கு மொழிபெயர்க்க வேலையே இல்லாமல் போயிற்று. இரண்டு பேரும் கடலைப் பார்த்துக்கொண்டு, ஒருவர் டேனிஷிலும் மற்றவர் தமிழிலும் மணிக்கணக்காகக் கதைத்துக்கொண்டிருப்பார்கள். ஒருவரையொருவர் மறித்துப் பேசியதை நான் காணவில்லை. புருசன் பெண்சாதிக்குள் அப்படியொரு ஒற்றுமை கிடைக்காது.

மார்ச் மாதக் கடைசியில் ஊராட்சிச் சபையிலிருந்து ஒரு அதிகாரி வந்தார். கொம்யூன் என்பார்கள் அதை. டென்மார்க்கில் பிறப்பு, இறப்பு, குப்பை, பள்ளிக்கூடம் எல்லாம் கொம்யூன்தான். மனிதர் மரியாதையாகத்தான் சொன்னார். இந்தக் கட்டடம் பழசு, பிள்ளைகள் விழுந்து காலை உடைத்துக்கொள்வார்கள், பார்க்கவும் யாரும் வருவதில்லை. மே மாதக் கூட்டத்தில் முடிவெடுப்போம். இரும்புக் கதவை உருக்கி ஒட்டிவிட்டு மேலே மணலைத் தள்ளி மூடிவிடுகிற யோசனைதான் இருக்கிறது. "ஊர் வேண்டுமென்று சொன்னால் வேறு கதை. ஊர் ஒன்றும் சொல்லவில்லையே" என்றார்.

ஸ்வென் உள்ளே போய் அந்தச் சிப்பாயின் கரண்டியை எடுத்து, ஏற்கெனவே துடைத்த கரண்டியை, திரும்பவும் துடைத்தார். மணல் தள்ளினால் அது பங்கரோடு நிற்காது, இந்த மனிதரின் மேலும்தான் விழும் என்று எனக்குப் பட்டது.

நான் நடந்ததை மொழிபெயர்த்து முடிக்கவில்லை, தரையிறக்கத்தார் தொப்பியை இழுத்து விட்டுக்கொண்டார். "ஊர் வந்தால் சரியோ? ஊரைக் கூட்டுறதுதானே தங்கச்சி என்ரை தொழில்!"

அடுத்த ஞாயிற்றுக்கிழமை. கோடையில் கடற்காவலர் பாவிக்கும் கையொலிபெருக்கி ஒன்று விடுதிக் களஞ்சியத்தில் கிடந்தது. ஊர்ச் சனம் தேவாலயத்திலிருந்து வெளியே வரும் நேரம் பார்த்து மணற்குன்றின் உச்சியில் ஏறிவிட்டார். நான் சொல்லிக்கொடுத்தது ஒரே ஒரு டேனிஷ் வசனம். "அன்பான அயலவர்களே, நூதனசாலை திறந்திருக்கிறது, வாருங்கள்." ஆனால் தொழில் தர்மம் விடுமா? முதலில் ஊதினார். பிறகு "ஹலோ, மைக் ரெஸ்ற்றிங், வண், ரூ, திறீ" என்று தொடங்கினார். ஒலி திருப்தியாக இல்லை. திரும்பவும் ஊதினார். அந்த ஊரில் ஞாயிற்றுக்கிழமை நாய்கூடக் குரலைத் தாழ்த்தித்தான் குரைக்கும். சனம் கோட்டுக் கழுத்தை உயர்த்திக்கொண்டு வழக்கத்தைவிட வேகமாக வீட்டுக்குப் போனது. அழைப்பு வசனத்துக்கு அவர் வந்து சேர்ந்தபோது கேட்பதற்குக் கடற்காகம்தான் மிச்சம்.

விடுதிப் பொறுப்பாளர் கிர்ஸ்டன் அவரைக் கூப்பிட்டுப் பக்குவமாகச் சொன்னாள். "இந்த நாட்டில் ஒருவரைக் கூப்பிடுவதென்றால் இரண்டு கிழமைக்கு முன்னரே, மெல்லமாக, கோப்பிக்குக் கூப்பிடவேண்டும்."

"மெல்லமாக் கூப்பிட்டால் எப்பிடிப் பிள்ளை கேக்கும்?" என்றார் அவர், உண்மையான கவலையோடு.

சத்தம் சரிவராது என்று ஆனதும் சோடனைக்கு மாறினார். தோரணம் கட்டாமல் நம்மவருக்கு ஒரு விசேஷம் உண்டா? தென்னோலை இல்லை. சுற்றிவரப் பார்த்தார். மணற்குன்றெல்லாம் நீளப் புல். ஒரு பிற்பகல் முழுக்கப் பிடுங்கி, எங்கள் பெடியளையும் சேர்த்துப் பிடுங்கவைத்து, பின்னி, பங்கரைச் சுற்றிக் கட்டி முடித்தார். சத்தியமாகச் சொல்கிறேன், அழகாக இருந்தது. ஹிட்லரின் பொறியியலாளர் யாரும் கனவிலும் கண்டிருக்கமாட்டார்கள். மாதா சிலை வைக்கும் கற்குகைக் கெபிபோல இருந்தது அந்தப் பங்கர்.

மறுநாள் காலை விடுதிக் கதவு அதிர்ந்தது. ஊர்க் கடைக்காரி இங்கர் தோரணத்தைப் பிய்த்துக் கையில் பிடித்துக்கொண்டு நின்றாள். என்னைப்போல இரண்டு மடங்கு உயரம். அந்தப் புல்தான் மணலைப் பிடித்து வைத்திருக்கிறதாம். புல் போனால் மணல் கிளம்பும், மணல் கிளம்பினால் வீடு, தோட்டம், வீதி எல்லாம் மூடும். அதைப் பிடுங்கக்கூடாதென்று அந்த நாட்டில் தலைமுறை தலைமுறையாகச் சட்டம் இருக்கிறதாம். நான் மொழிபெயர்க்க மொழிபெயர்க்கத் தரையிறக்கத்தாரின் முகம் சுருங்கியது. "புல்லுக்கும் சட்டமோ?" என்று என்னிடம் மெதுவாகக் கேட்டார். அவர் மெதுவாகக் கதைத்த முதல் நாள் அது.

சனிக்கிழமை விடுதியே திரண்டுபோய்ப் புல் நட்டது. இங்கர் முன்னால் நின்று எப்படி நடுவது என்று காட்டினாள். தரையிறக்கத்தார் முழங்காலில் நின்று, ஒவ்வொரு முளையையும் மண்ணோடு அணைத்து, அதனிடம் மன்னிப்பும் கேட்டுக்கொண்டு நட்டார். அதைப் பார்த்து இங்கருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. ஸ்வெனும் வந்து ஒரு ஓரத்தில் நட்டுக்கொண்டிருந்தார். அந்தப் பக்கம் இங்கர் திரும்பவேயில்லை. எங்களுக்கெல்லாம் கோப்பி ஊற்றினாள், அவருக்கு ஊற்றவில்லை. ஸ்வென் மண் ஒட்டிய கையைத் துடைத்துக்கொண்டு தன் போத்தலைத் திறந்தார்.

அப்படியே மே நான்காம் திகதி வந்தது. கொம்யூன் கூட்டத்துக்கு இன்னும் ஒரு கிழமைதான். சூரியன் மறையச் சோம்பிப் பஞ்சிப்படும் மே மாத மாலை. சாப்பிட்டு முடித்து வெளியே வந்தால், கீழே கிராமத்தில் ஒவ்வொரு வீட்டு யன்னலிலும் மெழுகுதிரி எரிகிறது. தரையிறக்கத்தார் பரபரப்பாகிவிட்டார்.

"என்ன தங்கச்சி, கார்த்திகை விளக்கீடோ? இவங்களுக்கும் திருநாளோ? ஒருத்தரும் எனக்குச் சொல்லேல்லையே!"

கிர்ஸ்டனிடம் கேட்டுவந்து சொன்னேன். ஜெர்மன்காரர் இருந்த ஐந்து வருடமும் இரவில் வெளிச்சம் வெளியே தெரியக்கூடாது, யன்னலெல்லாம் கறுப்புத்தாள். 1945இல் இதே மாலையில், ஜெர்மன்படை சரணடைந்துவிட்டது என்று வானொலி சொன்னது. சனம் அந்தக் கறுப்புத்தாளைக் கிழித்தெறிந்துவிட்டு மெழுகுதிரி கொளுத்தி வைத்தது. அன்றுமுதல் வருடாவருடம் இந்த மாலையில் வைக்கிறார்கள்.

அவர் கடலைத் திரும்பிப் பார்த்தார். "அப்ப இந்தக் கரையிலை ஒருத்தரும் வந்து இறங்கவேயில்லை?"

"இல்லை அண்ணை. இஞ்சை ரேடியோவிலைதான் முடிஞ்சது."

"அறிவித்தலாலையோ?" அவருடைய முகம் மலர்ந்ததைப் பார்க்கவேண்டும். வாழ்நாள் முழுக்கக் கப்பலைப் பார்த்துக்கொண்டிருந்த மனிதருக்கு, விடுதலை தன்னுடைய தொழில் வழியாகவே வந்து சேர்ந்திருக்கிறது என்று தெரிந்தால் எப்படி இருக்கும்? "பாத்தீரே! கப்பலே தேவையில்லை, ஒரு சவுண்ட் சேர்விஸ் காணும்!"

பிறகு கிராமத்தை இந்த முனையிலிருந்து அந்த முனைவரை பார்த்தார். ஒரு வீடு மட்டும் இருட்டாக இருந்தது. அது ஸ்வென் வீடு என்று இரண்டு பேருக்கும் தெரியும். பங்கர் வாசலில் கதவைப் பூட்டிக்கொண்டிருந்த ஸ்வெனிடம் ஓடினார். நான் பின்னால் ஓடினேன்.

"உங்கடை வீட்டிலை ஏன் விளக்கில்லை?"

ஸ்வென் திறப்பைப் பொக்கற்றுக்குள் போட்டார். "அது அவையளுக்கு உரிய விளக்கு. சீமெந்து குழைச்சவன் வைக்கக்கூடாது" என்றார். ஒருவரையும் நோகாமல், மழை வரும் என்பதுபோலச் சொன்னார்.

நான் அதைத் தமிழில் சொன்னேன். தரையிறக்கத்தார் விடுதிக்குத் திரும்பி ஓடினார். அங்கே நடந்தது முழுச் சூறையாடல். கத்தோலிக்கர் செபத்துக்கு வைத்திருந்த மெழுகுதிரி, மின்சாரம் நின்றால் கொளுத்தக் கிர்ஸ்டன் வைத்திருந்த மெழுகுதிரி, யாரோ பிறந்தநாளுக்கு வாங்கிய மெழுகுதிரி எல்லாம் போயின. காற்றுக்கு நிற்காதே என்று குசினியிலிருந்த ஜாம் போத்தல்களையும் அள்ளினார். அரைப்போத்தல் ஜாமை ஒரே மூச்சில் என் கணவரைச் சாப்பிடவைத்துப் போத்தலை எடுத்தார். என் கணவர் இன்றுவரை ஜாம் தொடுவதில்லை.

அந்தப் பங்கரின் முகப்பில் நீளமான ஒரு பிளவு. அதற்குள்ளிருந்துதான் சிப்பாய்கள் கடலைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். கரை வளைகிற இடமானதால் கிராமத்திலிருந்தும் அந்தப் பிளவு நன்றாகத் தெரியும். ஸ்வெனிடம் திறப்பைக் கிட்டத்தட்டப் பறித்து, உள்ளே போய், பிளவு முழுக்கப் போத்தல்களை வரிசையாக வைத்துக் கொளுத்தினார். மிச்சத்தைக் கூரையில் வைத்தார். சோடனைக்காரர் அல்லவா, ஒளி எங்கே தடிக்கவேண்டும் எங்கே மெலியவேண்டும் என்று தள்ளி நின்று பார்த்துப் பார்த்து மாற்றினார். வேலை முடிந்தபோது வெளிச்சம் கடல்வரை விழுந்தது.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. விடுதலை நாள் மாலையில், ஊர் முழுக்கப் பார்க்க, ஜெர்மன் பங்கருக்கு விளக்கு வைத்திருக்கிறோம். அகதி விண்ணப்பத்துக்கு இன்னும் பதில் வராத நாங்கள்.

ஊர் வந்தது. கையொலிபெருக்கிக்கு வராத ஊர், தோரணத்துக்கு வராத ஊர், விறுவிறு என்று மணலில் ஏறி வந்தது. முன்னால் இங்கர். முகத்தில் சிரிப்பில்லை.

"இண்டைக்கு இதுக்குள்ளை விளக்கு வைச்சது ஆர்?"

ஸ்வென் கதிரையிலிருந்து எழுந்தார், பழியை ஏற்க வாயைத் திறந்தார். அதற்குள் தரையிறக்கத்தார் முன்னுக்கு வந்து தொப்பியைக் கழற்றினார். அந்த லொறிகளுக்கு முன்னால் நின்ற அதே நிமிர்வு. ஆனால் குரல் மட்டும் மெதுவாக வந்தது.

"தங்கச்சி, இவைக்குச் சொல்லும். ஊரிலை எல்லா யன்னலிலையும் கறுப்புத்தாளைக் கிழிச்சுப் போட்டினம். இந்த ஒரு யன்னல்தான் மிச்சமாக் கிடந்தது. அதைத்தான் கிழிச்சனான். பிழையெண்டால் விளக்கெல்லாத்தையும் நூத்துவிடுறன்."

எனக்குத் தெரிந்த டேனிஷ் முழுவதையும் திரட்டி அதைச் சொன்னேன். இங்கர் பிளவைப் பார்த்தாள், பிறகு தலையைக் குனிந்து பச்சைக் கதவுக்குள் நுழையப்போனாள். ஸ்வென் வாசலில் நின்றார். வேறென்ன சொல்வார்?

"இந்தச் சீமெந்தைக் குழைச்சவன் நான்."

"தெரியும் ஸ்வென்" என்றாள் இங்கர். "சல்லிக்கல் ஏத்தினது என்ரை அப்பாவின்ரை வண்டில்."

பின்னாலிருந்து ஒரு முதியவர் தொண்டையைச் செருமினார். சீமெந்து வார்த்த பலகை தன் மாமனின் பட்டறையிலிருந்து வந்தது என்றார். இன்னொருத்தி, தன் அம்மா ஜெர்மன்காரருக்கு உருளைக்கிழங்கு அவித்தவள் என்றாள். ஒருவர் வாய் திறந்ததும் எல்லோருக்கும் ஞாபகம் வந்துவிட்டது. சல்லி ஏற்றியது இங்கரின் தகப்பனா, பக்கத்துப் பண்ணைக்காரரா என்று இருவர் சண்டைக்கே போய்விட்டார்கள். நாற்பது வருடமாக ஒரே ஒரு மனிதர் தலையில் வைத்திருந்த பங்கரை அன்று மாலை அந்த ஊர் முழுக்கச் சேர்ந்து கட்டி முடித்தது. ஸ்வென் கதவைப் பிடித்துக்கொண்டு அழுதார். நானும் அழுதேன், வெட்கமில்லாமல்.

போகும்போது இங்கர், "ஞாயிற்றுக்கிழமை கோப்பிக்கு வா ஸ்வென்" என்றாள். அதன் கனம் டென்மார்க்கில் இருந்தவர்களுக்குத்தான் தெரியும். கொம்யூன் கூட்டத்துக்கு அவளே நேரில் போய்ப் பேசினாள். மணல் தள்ளவில்லை. பிளவுக்குக் கம்பியும் கூரைக்கு வேலியும் போட்டுக்கொடுத்தார்கள்.

கோடை தொடங்கி, நாங்கள் விடுதியைக் காலிசெய்வதற்கு முன்னரே ஜெர்மன் உல்லாசப் பயணிகள் வந்தார்கள். தடியூன்றிய ஒரு முதியவர் பிளவுக்குள்ளால் கடலையே பார்த்துக்கொண்டு நின்றார். இளம் வயதில் இதே இடத்தில் காவல் நின்றவராம். "தினமும் இந்தக் கடலைப் பார்த்தேன். ஒருத்தரும் வரவில்லை" என்று ஸ்வெனிடம் சொல்ல, ஸ்வென் எனக்குச் சொல்ல, நான் தமிழில் சொன்னேன். தரையிறக்கத்தார் பாய்ந்து அந்த ஜெர்மன்காரரைக் கட்டிப்பிடித்துக்கொண்டார். "நானும் அப்பிடித்தானே ஐயா! நானும் அப்பிடித்தானே!" ஜெர்மன்காரர் திகைத்துப்போனாலும் விலகவில்லை. மூன்று பேரும் வாசலில் வரிசையாக உட்கார்ந்து கோப்பி குடித்தார்கள். எனக்கு மொழிபெயர்க்க வேலை இருக்கவில்லை.

பிறகு எல்லோருக்கும் பதில் வந்தது. நாங்கள் ஓகூஸ் நகரத்துக்குப் போனோம். அவருடைய மனைவியும் பிள்ளைகளும் ஒருவழியாக வந்து சேர்ந்தார்கள். விமான நிலையத்தில் அவர் கத்திய கத்தலில் காவலர்கள் ஓடிவந்ததாகக் கேள்வி. குடும்பத்தோடு நாட்டின் மறுகோடியில், டோஸ்ட்ருப்பில் குடியேறினார். ஆனால் மே நான்காம் திகதி தவறாமல் மேற்குக் கரைக்குப் போவார், ஜாம் போத்தல்களோடு. முதல் நாள் எனக்குத் தொலைபேசி வரும். காதிலிருந்து எட்டப் பிடித்துத்தான் கேட்கவேண்டும்.

"தங்கச்சி, நாளைக்கு வாறீரோ? வாறதெண்டால் வாரும். வராட்டில், வரேல்லை எண்டு சொல்லும். ஆக்களைக் காக்க வைக்கக்கூடாது."

ஸ்வென் போய், இங்கர் போன பிறகும் அவர் வந்துகொண்டிருந்தார். நானும் ஒரு வருடமும் விடவில்லை. போன வருடம் தொலைபேசி வரவில்லை. பனிக்காலத்திலேயே அவரை அடக்கம் செய்துவிட்டோம். நானே ஒரு பிடி மண் போட்டவள். இருந்தும் மே நான்காம் திகதி காரை எடுத்துக்கொண்டு போனேன். பிளவில் விளக்குகளை வரிசையாக வைத்துவிட்டு, ஸ்வெனின் மடக்குக் கதிரையில் இருந்து, பஸ் வரும் வீதியைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வராவிட்டால் வரவில்லையென்று சொல்லவேண்டும் என்று ஊருக்கெல்லாம் படிப்பித்த மனிதர், தன் முறை வந்தபோது ஒரு சொல்லும் சொல்லாமல் போய்விட்டார். ஆகவே அண்ணை, நான் இன்னும் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறேன்.